டீக்கடையில் கழிந்த ராகு காலம்

அன்புள்ள மகன் பூவராகனுக்கு அம்மா எழுதுவது. செவ்வாய்க்கிழமை ஹைகோர்ட்டில் இருந்தவர்கள் உன் மகள் ஷர்மிளா, உன் பெண்டாட்டி பேபி, உன் தம்பி விக்கி, வக்கீல் லாசரஸ், நான். நீயும் வந்திருந்தாய், அதைப் பிறகு சொல்கிறேன். சேலையூரில் எல்லோரும் உயிரோடு இருக்கிறோம், மஸ்கட்டில் நீயும் சுகமாகத்தான் இருப்பாய், நேரம் பார்த்துத் தும்முகிறவனுக்கு என்ன குறை. போனில் சொன்னால் குறுக்கே பேசுவாய், காகிதம் என்றால் முடிகிற வரை கேட்டுத்தான் ஆக வேண்டும், அதனால் எழுதுகிறேன்.

டாக்டர் சீட்டு கிடைத்த பிள்ளையைச் சேர்க்காமல் விரட்டிவிட்டார்கள் என்று நாம் போட்ட கேஸ் அன்றைக்கு வந்தது. மறைமலை நகர் தாண்டி இருக்கும் அந்தக் காலேஜில் வெள்ளிக்கிழமை பகல் பன்னிரண்டுக்குள் சேர வேண்டும், வண்டலூரில் பஸ் மாட்டிக்கொண்டதால் தாமதம் என்று நீயும் லாசரஸும் கூடிப் பேசி மனுவில் எழுதியிருந்தீர்கள், படிக்கக் கேட்க அழகாகவே இருந்தது. காலேஜ் வக்கீல் அதிகம் பேசவில்லை, கேட் கேமராவில் விழுந்த படத்தைப் போட்டுக் காட்டினார். அதில் பஸ்ஸும் இல்லை, வண்டலூரும் இல்லை, கேட்டுக்கு எதிரே டீக்கடை பெஞ்சில் நம் குடும்பம் பஜ்ஜி தின்றுகொண்டிருக்கிறது. ஷர்மிளா மட்டும் பையைக் கட்டிப்பிடித்து நின்றபடி கேட்டையே பார்க்கிறாள். விக்கி கையில் போன், போனில் உன் முகம், அப்படித்தான் நீயும் கோர்ட்டுக்கு வந்து சேர்ந்தாய்.

ஜட்ஜம்மா கண்ணாடியைக் கழற்றி, ஏம்மா இவ்வளவு பக்கத்துல இருந்துட்டு ஏன் உள்ள போகல என்று கேட்டார். லாசரஸுக்கு அப்போதுதான் இருமல் வந்தது. உன் மகள்தான் வாயைத் திறந்தாள், ராகு காலம் முடியட்டும்னு எங்கப்பா சொன்னாரு மேடம் என்றாள். கோர்ட்டே சிரித்தது. டீக்கடையில் அன்றைக்கு நான் போனைப் பார்த்து, டேய் புள்ள உள்ள போவட்டும்டா, அந்த கேட்டுக்கு ஏதுடா ராகு காலம் என்று கத்தினேன். யம்மா உனுக்கு இன்னா தெரியும், கம்முனு குந்து, பன்னண்டு அடிச்சதும் வலது கால வச்சு போவட்டும் என்றாய். பன்னிரண்டு அடித்ததும் அவள் வலது காலைத்தான் வைத்தாள், வாட்ச்மேன் கேட்டைச் சாத்திக்கொண்டிருந்தான். உன் கல்யாணப் பந்தியில் உன் மாமியார் ரத்தினபாய் எனக்கு அப்பளம் வைக்காமல் தாண்டிப்போனதையே மறக்காதவள் நான், இதை மறப்பேனா.

கேஸைத் தள்ளிவிட்டார்கள், பொய் சொன்னதற்கு லாசரஸுக்குத் தனியாகத் திட்டு. சீட்டு இன்னும் காலியாகத்தான் கிடக்கிறது, வேறு பிள்ளைக்குப் போவதற்குள் ரெண்டு ஜட்ஜ் உட்காரும் இடத்தில் அப்பீல் போட வேண்டும், இந்தத் தடவை நடந்ததை நடந்தபடி எழுதுவோம் என்கிறார் லாசரஸ். அதற்கும் அஷ்டமி நவமி கழியட்டும் என்று விக்கிக்கு மெசேஜ் அனுப்பியிருக்கிறாய், ரொம்ப சந்தோஷம் சாமி. நாளை வெள்ளிக்கிழமை, பத்தரை அடித்த பிறகுதான் மனு போடப் போகிறோம், உன் ராகுவும் கூட வரட்டும், சாட்சிக்கு ஆகும். விக்கியின் போன் என் மீன் கூடையில் ஐஸுக்கு அடியில் இருக்கும், வேண்டுமானால் கூப்பிட்டுப் பார். பிள்ளை ராத்திரி சாப்பிடுவதில்லை, அப்பாவிடம் சொல்லாதே ஆயா என்றாள், அதனால் சொல்கிறேன்.

வெயிலில் தலைக்குத் துண்டு கட்டிக்கொள், பசித்தால் உடனே சாப்பிடு, பஞ்சாங்கத்தைக் கேட்காதே. நோய்நொடி இல்லாமல் நன்றாக இரு, பெற்றவள் வாய் வேறு என்ன சொல்லும். கேட்டைச் சாத்திய வாட்ச்மேனை மன்னித்துவிட்டேன், அவன் வேலை அது. இருமிய லாசரஸையும் சிரித்த கோர்ட்டையும் மன்னித்தாயிற்று. நீ ஊருக்கு வந்தால் வஞ்சிரம் வறுத்துப் போடுவேன், ஆனால் அந்தப் பிள்ளை வெள்ளைக் கோட்டுப் போடுகிற வரைக்கும் பூவராகன் என்கிறவனை மன்னிக்க மாட்டேன்.

இப்படிக்கு,
நீ கம்முனு குந்தச் சொன்ன உன் அம்மா
முத்தாலம்மாள்