பள்ளிக்கூட ஓட்டெடுப்பு

அஸ்கைர்,

அடுப்பில் மீன் சூப் இருக்கிறது, சூடாக்கிக் குடி. கொட்டகையில் இருக்கும் ‘பள்ளியை மூடாதே’ பேனரை எடுக்க குன்வோர் ஐந்து மணிக்கு வருவாள். படகுக் கொட்டகைச் சாவி ஆணியில் தொங்குகிறது.

“பள்ளிக்கூடத்தையே மூடப் போறாங்க, கவுன்சிலரம்மா வெளிய போய் உக்காரப் போறீங்களாக்கும்” என்று காலையில் குத்திக் காட்டினாய். நீ அந்தப் பள்ளியின் தலைமையாசிரியர்; உன் மனைவி அந்த ஓட்டெடுப்பில் கை தூக்கக் கூடாது. அது விதி, நான் தேடிக்கொண்ட சாக்கு இல்லை. என் இடத்தில் மாற்று உறுப்பினர் உட்காருவார்.

டூருன்

பி.கு. உன்னிடம் மறைக்க மனசு வரவில்லை. அங்கே பதினோரு பிள்ளைகள்தான். முதியோர் இல்லத்தில் ராத்திரிக்கு ஒரே ஒரு நர்ஸ். பள்ளிக்குப் போகும் பணம் மிச்சமானால் அங்கே இன்னொருத்தரைப் போடலாம். உள்ளே இருந்திருந்தால் மூடச் சொல்லித்தான் கை தூக்கியிருப்பேன்.

கூட்டம் முடிய ஒன்பது ஆகும். கதவை உள்பக்கம் தாழ் போட்டுவிடாதே.