குழாய்க்கு அந்தப் பக்கம்

ஜூன் 4
முதியோர் வகுப்பு டீச்சரம்மா தினம் ஒரு வரியாவது எழுதச் சொன்னார். எழுதிவிட்டேன். இதுதான் அது.

ஜூன் 5
சோப்பு உறை, மருந்துக் கடைப் பலகை, கண்ணில் பட்டதையெல்லாம் படிக்கிறேன். "ரோட்டப் பாத்து நடங்கப்பா" என்கிறாள் மகள். காலமெல்லாம் கொத்து வேலையில் கரணை பிடித்த கை, பேனா வழுக்குகிறது.

ஜூன் 7, ஞாயிறு
கல்லறைத் தோட்டத்துக்குப் போனேன். குழாய்க்குப் பக்கத்தில் கருப்புக் கல், மகள் சொன்ன அடையாளம். போன வருஷம் என் பெண்டாட்டியைப் புதைத்த கையோடு நான் காலை உடைத்துக்கொண்டு படுத்துவிட்டேன். கல்லை மகள்தான் வைத்தாள். நடக்க ஆரம்பித்ததிலிருந்து ஞாயிறுதோறும் தனியாகப் போய்ப் பூ வைத்து, வீட்டுக் கதையெல்லாம் சொல்வேன். அழுகை மட்டும் வந்ததில்லை. ஒரு தடவை கல் சாய்ந்திருந்தது, சிமெண்ட் வைத்து நிமிர்த்தினேன். கொத்தனார் பெண்டாட்டி கல் கோணலாக இருக்கலாமா?

இன்று அதைப் படித்தேன். எழுத்துக் கூட்டி, இரண்டு தடவை. ஓர் ஆணின் பெயர். கீழே, பேருந்து ஓட்டுநர் என்று இருக்கிறது.

பஸ்ஸைக் கண்டாலே வாந்தி எடுப்பவள் அவள்.

ஜூன் 8
எழுத ஒன்றும் இல்லை.

ஜூன் 10
மகளிடம் சொன்னேன். சிரித்துவிட்டாள். பிறகு என் முகத்தைப் பார்த்து, "குழாய்க்கு அந்தப் பக்கம்பா. நீங்க வாராவாரம் போறீங்களேன்னு நானும் போகாம விட்டுட்டேன்" என்றாள்.

அதனால்தான் அழுகை வரவில்லையோ? அவள் அங்கே இல்லை என்று உடம்புக்குத் தெரிந்திருக்குமோ? அப்படி இருந்தால் நல்லது. ஞாயிறு தெரிந்துவிடும்.

ஜூன் 14, ஞாயிறு
இதுவும் கருப்புக் கல்தான். தூசி, பறவை எச்சம். மகளைத் தள்ளி நிற்கச் சொல்லிவிட்டுத் துடைத்துப் படித்தேன். 'இந்தா', 'உன்னைத்தான்' என்றே கூப்பிட்டுக் காலத்தை ஓட்டிவிட்டேன். பெயர் என் வாயில் வந்ததே இல்லை. இன்று ஒவ்வோர் எழுத்தாக வந்தது. நல்ல பெயர்.

அழுகை வரவில்லை. இங்கேயும்.

"அடையாளத்துக்குப் பெயிண்ட்ல ஒரு புள்ளி வைக்கட்டுமாப்பா?"

"வேண்டாம்மா. படிச்சுக்கறேன்."

ஜூன் 21, ஞாயிறு
அவளுக்குப் பூ வைத்தேன். ஓட்டுநருக்கும் கொஞ்சம், பாவம், பழகியிருப்பார். சொன்ன கதையெல்லாம் அவர்தானே கேட்டார்? அவளுக்கு மறுபடி முதலிலிருந்து சொல்ல வேண்டும். ஆரம்பித்தேன். அவளைப் புதைத்த அன்று வீட்டுக்குத் திரும்பி வந்து, உள்ளே பார்த்து 'இந்தா, தண்ணி கொண்டா' என்றேனே, அந்த இடத்தில் கதை நின்றுவிட்டது.

குழாயில் கொஞ்சம் குடித்துவிட்டு வந்து, விட்ட இடத்திலிருந்து சொன்னேன்.