டூகல்டும் தலைகீழ் ஈயும்

அன்புள்ள அப்பாவுக்கு, மோர்வென்னா எழுதுவது. முழங்கால் வலி எப்படி இருக்கிறது? தனியாகப் படகெடுக்காதீர்கள். நான் சுகம்.

இங்கே நான் வேலை பார்க்கும் ஸ்காட்லாந்துக் காட்டுக்கு அதிகாரி டூகல்ட். வண்டியை விட்டு இறங்காமலேயே காட்டைக் காக்கும் மகாபுத்திசாலி. பாதையோர ஓக் மரங்களிலிருந்து ஈக்கள் பிள்ளைகள் மேல் பாய்கின்றன என்று பள்ளிக்கூட டீச்சர் பயந்ததும், இவர் அத்தனை மரத்துக்கும் மருந்தடிக்கச் சொல்லிவிட்டார். நான் தடுத்தேன்.

"அது மாட்டு ஈ, பொண்ணே. ரத்தம் குடிக்கும்."

"இல்ல சார். மாட்டு ஈ குண்டா இருக்கும். இதுக்குக் காலு நீளம், ரெக்கையில கரும்புள்ளி. தலைகீழா மரத்துல உக்காந்திருக்கும். ஆள் போனா பாயும், திரும்பி அதே மரத்துக்குப் போயிடும். கடிக்கவே கடிக்காது."

"நாலு புத்தகம் படிச்சிட்டு எனக்கே பாடம் எடுக்கிறியா?"

நீங்கள் ஒன்றாவது படித்ததுண்டா என்று கேட்க வாய்வரை வந்தது. விழுங்கிவிட்டு, டீச்சர் கண்முன்னே சட்டைக்கையைச் சுருட்டி, ஓக் மரத்தடியில் அரைமணி நேரம் நின்றேன். ஏழெட்டு ஈக்கள் பாய்ந்தன. ஒன்றுகூடக் கடிக்கவில்லை. டீச்சர் தன் கையையும் நீட்டிப் பார்த்துச் சிரித்தார். மருந்து வண்டி திரும்பிப் போனது.

"நான் அப்பவே சொன்னேன்ல," என்றார் டூகல்ட், கொஞ்சமும் கூசாமல். மறுநாள் முதல் எனக்குக் கழிப்பறைச் சுவருக்கு வண்ணமடிக்கும் வேலை. அந்த முகத்தைப் பார்ப்பதற்குச் சுவர் எவ்வளவோ மேல். கவலைப்படாதீர்கள்.

கம்பளிக் காலுறை ஒரு ஜோடி அனுப்புங்கள். குங்குமப்பூ பன்னும். போன தடவைபோல ஆறு வேண்டாம், இரண்டு போதும். பங்கு கொடுக்க இங்கே யாருமில்லை, மீதி பூசணம் பூத்துப்போகிறது.

தபால்காரர் வண்டியைக் கிளப்பிவிட்டார், ஓடுகிறேன்.

உங்கள் மோர்வென்னா