சேலா பாறையில் மூன்று டம்ளர் டீ

வாப்பாவுக்கு சுவேலிமின் ஸலாம். முழங்கால் வலி குறைந்ததா? நான் நலமே.

நேற்று ஒரு வெளிநாட்டுப் பாதிரியாரைச் சேலா பாறை உச்சிக்கு ஏற்றிப் போனேன். நான் பெட்ரா குகையில் பிறந்தவன் என்றதும் வேதத்தை விரித்தார். "அந்தக் காலத்துல உங்க நாட்டுப் பாறை இடுக்குல குடியிருந்த ஏதோமியரைக் கீழ இறக்குவேன்னாரு கர்த்தர். இறக்கிட்டாரு பாத்தியா" என்று இளித்தார். நம்மைக் குகையிலிருந்து இறக்கியது சர்க்கார் என்று நாக்கு நுனிவரை வந்தது.

திரும்பும்போது செங்குத்துப் படியைப் பார்த்ததும் அப்படியே உட்கார்ந்துவிட்டார். "கையைப் பிடிச்சு இறக்கிவிடுப்பா" என்றார்.

"கர்த்தர் இறக்குவாரு, இருங்க" என்று சொல்லிவிட்டு டீ போட்டேன். மூன்று டம்ளர் குடித்தும் யாரும் வரவில்லை. கடைசியில் நான்தான் முதுகில் சுமந்து இறக்கினேன்.

டீயில் போடும் மலை இலை தீர்ந்துவிட்டது, கொடுத்தனுப்புங்கள். கொஞ்சம் போதும், கூடக் குடிக்க ஆளில்லை.

அவருடைய வேதம் உச்சியிலேயே கிடக்கிறது. எடுத்துவரச் சொல்லி என் வாசலில் நிற்கிறார். நிற்கட்டும்.

சுவேலிம்