நீங்கள் மூச்சு வாங்கிய இடம்

அக்கா,

இன்று வெள்ளிமலைச் சந்தையில் ஒருவர் சாக்கு விரித்துக் கடுக்காய் விற்றுக்கொண்டிருந்தார். ஒரு துண்டை வாயில் போட்டேன். துவர்ப்பு நாக்கைப் பிடித்ததும் உங்கள் ஞாபகம் வந்துவிட்டது. மேடையேறும் முன் இப்படித்தான் கன்னத்தில் ஒன்றை அதக்கிக்கொண்டு நிற்பீர்கள். "தொண்ட கட்னா ஆர்கெஸ்ட்ராவே படுத்துக்கும் தம்பி."

கள்ளக்குறிச்சி வட்டாரத்தில் நீங்கள் பாடாத திருவிழா ஏது? சினிமாப் பாட்டை ரெக்கார்டில் உள்ளபடியே பாடுவதில் உங்களுக்கு ஒரு வீம்பு. அசல் பாடகி மூச்சு வாங்கிய அதே இடத்தில்தான் நீங்களும் வாங்குவீர்கள். "ஜாஸ்தியும் கூடாது, கம்மியும் கூடாது. ஜனங்க அந்தப் பாட்ட நெனச்சிக்கினுதான வந்து ஒக்காருது?" பாட்டுக்காரர்களைப் படமெடுத்துத்தான் இன்று என் பிழைப்பு ஓடுகிறது. அதற்குப் பிள்ளையார் சுழி நீங்கள்தான்.

உங்களைப் பற்றி எடுத்த அந்த முதல் படத்துக்காக, இந்த மலையில் நடந்த திருவிழாக் கச்சேரிக்கு உங்களோடு வந்தேன். அன்றைக்குக் கடுக்காயும் கைவிட்டது. கரகரத்த குரலோடு பாடிக்கொண்டே வந்தவர், இரண்டாவது சரணத்தில் அப்படியே நின்றுபோனீர்கள். முன்வரிசையில் உட்கார்ந்திருந்த மலைப் பெண்கள் சட்டென்று அந்த அடியைப் பிடித்துக்கொண்டார்கள். சுருதியாவது தாளமாவது! மைக்கை அவர்கள் பக்கம் நீட்டிவிட்டு நீங்கள் அழுதுகொண்டே சிரித்தீர்கள். நானோ, படம் போச்சே என்று கேமராவுக்குப் பின்னால் நொந்துகொண்டிருந்தேன்.

பிறகு செய்ததுதான் அயோக்கியத்தனம். அதே பாட்டை நீங்கள் நல்ல தொண்டையில் பாடிய பழைய கேசட் ஒன்று என்னிடம் இருந்தது. அந்தக் குரலை எடுத்து மலைக் காட்சியின் மேல் ஒட்டினேன். என்றைக்குப் பாடினாலும் ஒரே இடத்தில் மூச்சு வாங்குபவராயிற்றே, உதடு இம்மி பிசகாமல் பொருந்தியது. நீங்கள் நின்றுபோன இடத்தில் மலையையும் சீரியல் விளக்கையும் காட்டிச் சமாளித்தேன். பெரிய கெட்டிக்காரன் என்று நினைப்பு வேறு.

கள்ளக்குறிச்சியில் ஒரு கல்யாண மண்டபத்தில் படத்தைத் திரையிட்டோம். எல்லோரும் கைதட்டினார்கள். நீங்கள் மட்டும் மெதுவாக என்னிடம் வந்தீர்கள்.

"நல்லாத்தான் கீது தம்பி. அன்னிக்கு அந்தப் பொம்பளைங்க பாடுனாங்களே, அது இன்னா ஆச்சு?"

"மைக்கு மக்கர் பண்ணிடுச்சுக்கா. பதிவாகல."

வாய் கூசாமல் சொன்னேன். எத்தனை வருஷம் மைக் பிடித்தவர் நீங்கள், அது வேலை செய்ததா இல்லையா என்று உங்களுக்கா தெரியாது? "அப்டியா? சரி வுடு" என்று புடவைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டு போய்விட்டீர்கள். அடுத்த வருஷம் கச்சேரி எதையும் ஒப்புக்கொள்ளவில்லை. வயசாகிவிட்டது என்றார்கள் குழுவினர். உங்கள் குரல் காட்டுவதற்கு லாயக்கில்லை என்று முதலில் தீர்ப்புச் சொன்னவன் நான்தான் என்பது எனக்கு மட்டும் தெரியும். அதை உங்களிடம் ஒப்புக்கொள்ளத் தைரியம் வருவதற்குள் நீங்கள் போய்ச் சேர்ந்துவிட்டீர்கள்.

இப்போதெல்லாம் யாரைப் படமெடுத்தாலும், பதிவானதை முதலில் அவர்கள் காதில் போட்டுக் காட்டிவிட்டுத்தான் கத்திரியை எடுக்கிறேன். வேலை இழுக்கிறது என்று கூட இருப்பவர்கள் திட்டுகிறார்கள். திட்டட்டும்.

உங்கள் படத்தைப் பழைய பதிவிலிருந்து மறுபடி வெட்டிச் சேர்த்திருக்கிறேன். நாளைக்கு இதே மலையில், அன்று பாடிய பெண்களுக்குப் போட்டுக் காட்டப்போகிறேன். எல்லாம் அதில் இருக்கிறது. பாட்டு முடிந்ததும் நீங்கள் கேமராவைப் பார்த்துச் சொன்னதும் இருக்கிறது: "தம்பி, இத்த மட்டும் வெட்டிடாத."

எடிட்டிங்கில் முதல் நாளே அதைக் கேட்டேன் அக்கா. கேட்டுவிட்டுத்தான் வெட்டினேன்.