கடைசியாகச் சாப்பிட்ட அக்காவுக்கு

என் செல்ல அக்கா,

போன ஞாயிறு உங்கள் ஆட்டைத்திவசம்; நீங்கள் எங்களை விட்டுப் போய் ஒரு வருசம். நாங்கள் வந்து குடியேறின இந்த ஆரா நகரில் காலையிலிருந்தே மழை. உங்களுடைய மலையாளப் படங்களில் பெய்கிற மாதிரி விடாத மழை.

முதியோர் இல்லத்தில் வேலை முடித்து வந்து, ஞாயிறு பின்னேரங்களில் என்னை இருத்தி வைத்து அந்தப் படங்களைப் பார்ப்பீர்களே! சண்டையுமில்லை, பாட்டுமில்லை, இதென்ன படம் என்று அத்தான் சோபாவில் சரிந்து கண்ணை மூடிவிடுவார். உங்களுக்குக் கதையைவிடப் படத்தில் வருகிற குசினிதான், அந்த அடுப்படிதான் முக்கியம். "ஆர் கடைசியாச் சாப்பிடுறது எண்டு பார். அது தெரிஞ்சால் அந்த ஊரே தெரிஞ்சுபோம்" என்பீர்கள். சேர்ச்சுக்குப் போகிற வீடு, கோயிலுக்குப் போகிற வீடு, வளைகுடாக் காசில் எழும்பின வீடு, எதுவானாலும் உள்ளே ஒருத்தி சட்டியை வழித்துக்கொண்டிருப்பாள். அதை மறைக்காமல் காட்டுகிறார்களே என்று அவர்கள்மேல் உங்களுக்கு ஒரு மரியாதை. சொல்லிவிட்டு நீங்களும் எங்கள் எல்லோருக்கும் போட்டுக் கொடுத்து, கடைசியாகத்தான் சாப்பிடுவீர்கள். நான் ஏசினால் சிரிப்பீர்கள்.

அத்தான்மேல் எனக்கிருந்த கோபம் உங்களுக்குத் தெரியும். ஒருநாளாவது உங்களுக்கு ஒரு பிடி சோறு போட்டிருப்பாரா? இந்தத் திவசத்தோடு சரி, இனி அந்த வீட்டுப் படி மிதிப்பதில்லை என்ற முடிவோடுதான் போனேன்.

போனால், மனுசன் குசினியில் நிற்கிறார். அக்காவுக்குப் பிடித்ததாகப் படையலுக்கு என்ன சமைத்தீர்கள் என்று குத்தலாகக் கேட்டேன். கேட்ட பிறகுதான், எனக்கே அது தெரியாது என்று உறைத்தது. மிஞ்சியதைச் சாப்பிட்ட உங்களிடம் யார்தான் கேட்டோம்?

அத்தான் சட்டியைத் திறந்து காட்டினார். அவித்த மரவள்ளிக்கிழங்கு. பக்கத்தில் இடித்த சம்பல்.

"படத்திலை கிழங்கு வந்தால் உன்ரை அக்கா கதையை விட்டிட்டு அதையே பாத்துக்கொண்டிருப்பாள்" என்றார். "நான் நித்திரை இல்லைப் பிள்ளை. அவளைத்தான் பாத்துக்கொண்டிருந்தனான். எழும்பி ஒருநாளும் அவிச்சுக் குடுக்கேல்லை."

அவர் அழுதார். எனக்கும் அழுகை நிற்கவில்லை. வாழையிலையை உங்கள் புகைப்படத்துக்கு முன்னால் விரித்து, முதலில் உங்களுக்குப் படைத்தார். பிறகு எங்களை இருத்திப் பரிமாறினார். கிழங்குக்கு உப்புப் போதாது, என்றாலும் இரண்டாந்தரமும் கேட்டு வாங்கிச் சாப்பிட்டோம். அவர் கடைசியாகச் சாப்பிட்டார்.

முதல் இலை உங்களுக்குத்தான், அக்கா. ஆவி பறக்கப் பறக்க. பிடித்திருந்ததா?

இனி ஞாயிறுகளில் வருவேன். அத்தானோடு இருந்து படம் பார்ப்பேன். கிழங்கு வருகிற இடத்தில் நிறுத்தி வைத்து, உங்களுக்காகவும் கொஞ்ச நேரம் பார்ப்போம்.

எப்போதும் உங்களுக்கு முன்னே சாப்பிட்டுவிட்ட,
உங்கள் தங்கச்சி