பாரிஸிலிருந்து வந்த ரோல்ஸ்

4 மார்ச் 2025, செவ்வாய்

குஞ்சு, நீ வாங்கி வைத்த கட்டக் கொப்பியில்தான் எழுதுகிறேன். வேறு கொப்பி வீட்டில் இல்லை. உன் முப்பத்தொராம் நாள் அந்தியேட்டி முடிந்து இரண்டு கிழமை. சனம் வந்து போவதும் நின்றுவிட்டது.

இன்று வேணுஜா பான் நகரிலிருந்து போன் எடுத்தாள். அங்கே பல்கலைக்கழகத்தில் உன்னோடு ஒரே அறையில் வேலை செய்த பிள்ளை. எங்கள் ஊர் கெல்சென்கிர்ச்சனுக்கு நீ செய்துகொண்டிருந்த கொடுக்கல் வாங்கல் அட்டவணையை அவள் முடிக்கப் போகிறாளாம். உன் பெயர்தான் முதலில் வருமாம். நீ கடை கடையாய்ப் போய் நிரப்பிய படிவங்கள் நீலக் கோப்பில் இங்கே இருக்கும், எடுத்து வையுங்கோ என்றாள். பிறகு பார்க்கிறேன் என்றேன்.

தலைக்குள் இரத்தம் கசிந்து நீ ரயிலடியில் விழுந்த அந்த ஞாயிறுக்குப் பிறகு, உன் அறைக் கதவை நான் திறக்கவில்லை.

6 மார்ச்

எட்டாம் வகுப்போடு நின்ற எனக்கு உன் அட்டவணை என்ன விளங்கும் என்று ஒருநாள் கேட்டேன். நீ குசினி மேசையில் ரின்னுகளை ஒன்றின்மேல் ஒன்றாய் அடுக்கினாய். இது ராஜா அண்ணையின் தமிழ்க் கடை, இது பால்காரன், இது பஸ் டிப்போ.

"ஒவ்வொருத்தரும் ஆரிட்ட வாங்கினம், ஆருக்கு விக்கினம் எண்டு எழுதினால் காணும் அம்மா. ஒண்டை எடுத்தால் எது எது ஆடும் எண்டு தெரிஞ்சிடும்."

ஊருக்குள் வாங்கினால் ஊருக்குள்ளேயே சுற்றும், வெளியிலிருந்து வந்தால் வெளியே போய்விடும் என்றாய். பிறகு மிளகாய்த்தூள் ரின்னை உருவினாய். எல்லாம் விழுந்தது. மேசை முழுக்கத் தூள். தும்மித் தும்மிச் சிரித்தோம்.

9 மார்ச்

கதவைத் திறந்தேன். நீலக் கோப்பை எடுத்தேன். கதிரையில் உன் சால்வை. திரும்ப மூடிவிட்டேன்.

12 மார்ச், புதன்

கோப்பைப் பிரித்தேன். பிரிக்காமல் இருந்திருக்கலாம்.

ராஜா அண்ணையின் கடைப் படிவம், 17 ஜனவரி. அவர் சொல்லச் சொல்ல நீ எழுதியது. ரோல்ஸ் எங்கிருந்து வருகிறது? பாரிஸ்.

பாரிஸ் இல்லை, பிள்ளை. நான்தான்.

என் மணிக்கட்டு ஒப்பரேஷனுக்குப் பிறகு, இனி கிழங்கு ரோல்ஸ் சுத்த மாட்டேன் என்று ஹம் நகர அம்மன் கோவில் வாசலில் வைத்து என்னிடம் சத்தியம் வாங்கினாய். நீ ஞாயிறு பின்னேரம் பானுக்குப் போனால் வெள்ளி வருவாய். நடுவில் நான் சுவரைப் பார்த்துக்கொண்டு என்ன செய்ய? செவ்வாய் சுத்தினேன், புதன் காலை பொரித்துக் கடைக்குக் கொண்டுபோய்க் கொடுத்தேன். நீ வருமுன் ஜன்னலெல்லாம் திறந்து எண்ணெய் மணத்தைப் போக்கினேன். பிள்ளைக்குச் சொல்லாதேங்கோ என்று ராஜா அண்ணையிடமும் சொல்லி வைத்தேன். என் பொய் அவர் வாயால் உன் அட்டவணைக்குள் போய்க் குந்திவிட்டது.

அந்தக் கட்டத்துக்குப் பக்கத்தில் பென்சிலால் ஒரு சொல் எழுதியிருக்கிறாய். "புதன்?"

கடைக் கண்ணாடியில் புதன்கிழமை சூடான ரோல்ஸ் என்று ஒட்டியிருக்கும். பாரிஸிலிருந்து சாமான் வான் வருவது வெள்ளிக்கிழமை.

13 மார்ச்

இரண்டு மாதத்துக்குப் பிறகு கடைக்குப் போனேன். ராஜா அண்ணை எழும்பித் தன் கதிரையைத் தந்தார். படிவத்தைக் காட்டினேன்.

"நீதானே வாயைத் திறக்காதேங்கோ எண்டு சொன்னனி. பிள்ளை பேப்பரோட முன்னால நிக்குது. சட்டெண்டு வாயில வந்தது பாரிஸ்." படிவத்தைத் திருப்பித் தந்து, "உன்ர ரோல்ஸுக்கு விசா எடுத்துக் குடுத்தது நான்தான், காந்தி தங்கச்சி" என்றார்.

எனக்குச் சிரிப்பு வந்தது. ஜனவரிக்குப் பிறகு முதல் தரம்.

இப்போது புதன்கிழமைகளில் பஸ் டிப்போ ஆட்கள் வருவதில்லையாம். ரோல்ஸ் இல்லாவிட்டால் அவர்களுக்குத் தேத்தண்ணியும் வேண்டாம். அதனால் பாலும் குறைத்துத்தான் எடுக்கிறார். எனக்குக் கிழங்கு தருகிற துருக்கிக்காரர், அந்த அம்மாவை ஏன் காணோம் என்று இவரிடம் விசாரித்தாராம்.

மிளகாய்த்தூள் ரின் நான்தானா?

படிவத்தை அப்படியே விடச் சொன்னார். "ஆர் இனி உதைத் துருவிப் பாக்கப்போயினம்? பிள்ளைக்குப் பொய் சொன்னனான் எண்டு நீயே ஏன் எழுதிக் குடுக்கிறாய்?"

14 மார்ச்

சொல்வதா, விடுவதா. சொன்னால் எனக்கு வெட்கம். விட்டால் உன் பெயர் போட்டு ஒரு பிழை வரும். நீ பிழை விடுகிற பிள்ளை இல்லையே.

18 மார்ச்

வேணுஜா வந்தாள். அவள் கோட்டைக் கழற்ற முதலே சொல்லிவிட்டேன். படிவத்தை வாங்கிப் பார்த்தாள். பிறகு, "அன்ரி, அப்ப இதை மாத்தோணும்" என்றாள். அட்டவணையில் என் பெயர் போகாது, இலக்கம் மட்டும்தான் போகும் என்றாள். பாரிஸை வெட்டினாள். புதுப் படிவம் ஒன்று எடுத்தாள்.

மா யாரிடம், கிழங்கு யாரிடம், எண்ணெய் யாரிடம், கிழமைக்கு எத்தனை. நான் சொல்லச் சொல்ல எழுதினாள். ஊர் முழுக்க நீ கேட்டுத் திரிந்த கேள்விகள். என்னிடம் மட்டும் நீ கேட்கவில்லை.

கடைசியில், "இப்பவும் செய்யிறீங்களோ?" என்றாள். நான் தேத்தண்ணி போட எழும்பினேன். அந்தக் கட்டத்தை வெறுமையாக விட்டுப் போனாள்.

26 மார்ச், புதன்

அறுபது ரோல்ஸ். பதினொரு மணிக்கு முதல் கடையில் விற்று முடிந்தது. வேணுஜாவுக்குப் போன் எடுத்து, அந்தக் கட்டத்தில் ஓம் என்று போடச் சொன்னேன்.

வீடு முழுக்க எண்ணெய் மணம். ஜன்னல் திறக்கவில்லை. மணிக்கட்டு நோகிறது, குஞ்சு. இதையும் சொல்லிவிடுகிறேன்.

ஜனவரி 17, அந்த வெள்ளிக்கிழமை, படிவத்தோடு கடையிலிருந்து நேரே வீட்டுக்கு வந்தாய். சப்பாத்தும் கழற்றவில்லை, என் கையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தாய். "நோகுதோ அம்மா?" என்றாய். இல்லை என்றேன். தைலத்தை எடுத்து வந்து, விரல் விரலாய், ஆறுதலாய்ப் பூசினாய். வேறொன்றும் கேட்கவில்லை.

தெரிந்துதான் பூசினாயா?